மாமரமும் வௌவாலும் நம் உயிரும்



உங்கள் வீட்டுப் பின்புறம் மாமரம் இருக்கிறதா? அதன் நிழலிலேயே ஆட்டுக் கொட்டகை போட்டிருக்கிறீர்களா? காலையில் வேலைக்குக் கிளம்பும்போது பாதி கடித்த மாம்பழம் கொட்டகைக்குள் கிடப்பதைப் பார்த்திருப்பீர்கள். "வௌவால் தின்ன மிச்சந்தானே, ஆடு தின்னுட்டுப் போகட்டும்" என்று நாமும் விட்டுவிடுகிறோம். அந்தப் பாதிப் பழத்தால் நம் ஈப்போ பக்கத்தில் என்ன நடந்தது என்பதை இந்த இதழில் பார்ப்போம்.

ஈப்போவில் தொடங்கிய காய்ச்சல்

1998 செப்டம்பர் வாக்கில் கிந்தா மாவட்டத்துப் பன்றிப் பண்ணைகளில் வேலை செய்தவர்களுக்குக் கடும் காய்ச்சல் கண்டது. தலைவலி, வாந்தி, மயக்கம், பிறகு நினைவு தப்பியது. முதலில் அதைக் கொசுவால் வரும் ஜப்பானிய மூளைக் காய்ச்சல் என்றே எண்ணினார்கள். கொசு மருந்து அடித்தார்கள், தடுப்பூசி போட்டார்கள். ஆனால் ஊசி போட்டவர்களும் படுத்தார்கள். கொசு சின்னப் பிள்ளையையும் கடிக்கும், பெரியவரையும் கடிக்கும். இந்த நோயோ பன்றியைக் கையால் தொட்டு வேலை செய்த பெரியவர்களைத்தான் அதிகம் பிடித்தது. பன்றிகளும் பலமாக இருமின.

இங்கிருந்து விற்ற பன்றிகளோடு நோயும் நெகிரி செம்பிலானுக்குப் போய்ச் சேர்ந்தது. 1999 மார்ச்சில் மலாயாப் பல்கலைக்கழகத்து டாக்டர் சுவா காவ் பிங் இது இதுவரை காணாத புதுக் கிருமி என்று கண்டுபிடித்தார். சுங்கை நிப்பா என்ற கிராமத்து நோயாளியிடமிருந்து எடுத்ததால் அதற்கு நிப்பா என்றே பெயர் வந்தது. மொத்தத்தில் மலேசியாவில் 265 பேரை நோய் பிடித்து, 105 பேர் இறந்துவிட்டார்கள். பண்ணை வேலைக்குப் போன நம் இந்தியர்களும் அவர்களில் இருந்தார்கள். பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பன்றிகளை அழிக்க வேண்டியதாயிற்று. பண்ணைக்காரர்களுக்குத் தொழில் போயிற்று, கூலியாட்களுக்குச் சோறு போயிற்று.

கிருமி வந்த வழி

இந்தக் கிருமி குடியிருப்பது பழந்தின்னி வௌவாலிடம். வௌவாலுக்கு அதனால் பெரிய கெடுதல் இல்லை. அதன் எச்சிலிலும் சிறுநீரிலும் சில சமயம் கிருமி வெளியாகும். நோய் தொடங்கிய ஈப்போ பகுதிப் பண்ணையில் 30,000க்கு மேல் பன்றிகள் இருந்தன. தொழுவத்தை ஒட்டியே மாமரங்களும் நட்டிருந்தார்கள். வௌவால் கடித்த பழம் தொழுவத்தில் விழுந்தது, பன்றி தின்றது. பன்றிக்குள் கிருமி பெருகி, அதன் மூச்சு, எச்சில் வழியே மனிதனுக்கு வந்தது. காட்டுத் தீப் புகைதான் வௌவாலை விரட்டி வந்தது என்று அந்த நாளில் சிலர் சொன்னார்கள். பின்னால் நடந்த ஆராய்ச்சி, மாமரமும் பன்றிக் கூட்டமும் ஒரே இடத்தில் இருந்ததையே முக்கியக் காரணமாகக் காட்டியது. நாய், பூனை, ஆடு, குதிரைக்கும் இக்கிருமி தொற்றக்கூடும்.

1999க்குப் பிறகு நம் நாட்டில் மனிதருக்கு இந்நோய் வரவில்லை. ஆனால் கேரளத்தில் 2018-ல் கோழிக்கோடு பக்கம் வந்து, நோயாளிகளைப் பார்த்துக்கொண்ட நர்ஸ் லினியின் உயிரையும் எடுத்தது. இதற்கென்று அங்கீகாரம் பெற்ற மருந்தோ தடுப்பூசியோ இன்றும் இல்லை.

அப்படியானால் வௌவாலைக் கொல்லலாமா?

கூடாது. இதுதான் நாம் முக்கியமாகப் புரிந்துகொள்ள வேண்டியது. சுட்டால் மிஞ்சியவை கலைந்து வேறு இடம் பறக்கும், அவ்வளவுதான். அதோடு நமக்கு நஷ்டமும் உண்டு. டுரியான் பூ இரவில்தான் மலரும். அதில் மகரந்தம் சேர்ப்பது பெரும்பாலும் வௌவால்களே. பெத்தாய் மரத்துக்கும் அப்படித்தான். பத்துமலைக் குகையில் வாழும் தேன்குடி வௌவால்கள் முப்பது கிலோமீட்டருக்கு அப்பால் கடலோர அலையாத்திக் காட்டுக்குப் பறந்துபோய்ப் பூத்தேன் குடிப்பதை 1970-களிலேயே ஆராய்ந்து சொன்னார்கள். டுரியான் வருடத்தில் சில வாரந்தான் பூக்கும். மற்ற நாளுக்கு அந்தக் கடலோரப் பூதான் சாப்பாடு. குகையை உடைத்தாலும் சரி, அலையாத்தியை அழித்தாலும் சரி, அடி விழுவது டுரியான்காரன் வயிற்றில்.

நம் கிந்தாப் பள்ளத்தாக்கிலும் சுண்ணாம்புக் குன்றுகளும் குகைகளும் உள்ளன. ஒரு பக்கம் கல்லுடைக்கிறார்கள், இன்னொரு பக்கம் 2018-ல் இதே பள்ளத்தாக்கைத் தேசியப் புவிப்பூங்கா என்று அறிவித்திருக்கிறார்கள். தைப்பிங் பக்கம் மாத்தாங் அலையாத்திக் காடு இருக்கிறது. மலைக்காடும் ஆற்றங்கரையும் குகையும் பழமும் பூவும் கொடுக்கிற வரை வௌவால் அங்கேயே இருக்கும். அவற்றை வெட்டினால் பழம் தேடி நம் வீட்டு மாமரத்துக்குத்தான் வரும். இத்தகைய இடங்களை அரசாங்கத் திட்டங்களில் "காவாசான் சென்சித்திஃப் ஆலாம் செக்கித்தார்" என்று, அதாவது கெடாமல் காக்க வேண்டிய இடம் என்று, குறிப்பதுண்டு. "அது யாரோ காட்டிலாகாக்காரன் வேலை, நமக்கென்ன" என்று இருந்துவிடாதீர்கள். பால்மரத் தோட்டம் மூடி, தோட்டத்தை விட்டு வெளியேறி, கிடைத்த வேலைக்குப் போகிற நம் ஆட்கள்தான் தொழுவத்துக்குள் முதலில் இறங்குகிறார்கள். நோயும் முதலில் நம்மைத்தான் தொடும்.

நாம் செய்ய வேண்டியவை

1. பழமரத்தடியில் ஆடு, பன்றிக் கொட்டகை போடாதீர்கள். ஏற்கெனவே இருந்தால் கூரையை நன்றாக மூடுங்கள்.

2. வௌவால் கடித்த பழத்தை உண்ணாதீர்கள், கால்நடைக்கும் போடாதீர்கள். கீழே விழுந்ததைக் கையுறை போட்டுப் பொறுக்கிப் புதையுங்கள். பழத்தைக் கழுவித் தோல் சீவியே பிள்ளைகளுக்குக் கொடுங்கள்.

3. பண்ணை வேலைக்குப் போகிறவர்கள் பூட்ஸ், கையுறை, சோப்பு, தண்ணீர் ஆகியவற்றை முதலாளியிடம் கேட்டு வாங்குங்கள். கேட்பது உரிமை, கெஞ்சல் அல்ல. தொழிலால் வரும் நோய்க்கும் பெர்கேசோவில் இடம் உண்டு.

4. கால்நடைகள் கூட்டமாக இருமினாலோ செத்தாலோ கால்நடை இலாகாவுக்குச் சொல்லுங்கள். உங்களுக்குக் காய்ச்சலோடு தலைச்சுற்றலோ மயக்கமோ வந்தால் உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். என்ன வேலை செய்கிறீர்கள் என்பதையும் டாக்டரிடம் மறக்காமல் சொல்லுங்கள். 1998-ல் உண்மைக்கு வழி காட்டியது அந்த விவரந்தான்.

5. நகராண்மைக் கழகம் வட்டாரத் திட்ட வரைவை மக்கள் பார்வைக்கு வைக்கும்போது போய்ப் பாருங்கள். நம் பக்கத்து மலை, குகை, ஆற்றங்கரை பாதுகாப்பில் இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால் ஆட்சேபம் எழுதிக் கொடுக்கச் சட்டம் இடம் தருகிறது. எழுதத் தெரியாவிட்டால் தொழிற்சங்கக் கிளைச் செயலாளரைப் பாருங்கள்.

வௌவால் அதன் இடத்தில் இருக்கட்டும், நாம் நம் இடத்தில் நலமாக இருப்போம். இன்று மாலையே போய் அந்த மாமரத்தடியை ஒருமுறை பாருங்கள்.