கொடுமுடி தந்த குரல்

ஒலிபெருக்கி பரவலாகாத நாடக மேடைகளில் கடைசி வரிசை வரை கேட்கும்படி பாடினால்தான் நடிகராக நிற்க முடியும். அந்த மேடையில் தேர்ந்தவர், ஈரோடு மாவட்டம் கொடுமுடியில் 1908-இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாள். இலங்கை மேடைகளிலும் பாடிப் புகழ்பெற்றார்; எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் அவர் இணைந்து நடித்த நாடகங்களுக்குக் கூட்டம் அலைமோதியது.

பேசும் படம் வந்து சில ஆண்டுகளே ஆன நிலையில், 1935-இல் வெளியான ‘நந்தனார்’ படத்தில் நந்தனாராகவே நடித்தார். வேதியராக வந்தவர் சங்கீத வித்வான் மகாராஜபுரம் விஸ்வநாத ஐயர். அந்தப் படத்துக்கு அம்மையார் வாங்கிய சம்பளம் ஒரு லட்சம் ரூபாய் என்பார்கள். 1953-இல் ‘ஔவையார்’ அவரை வீட்டுக்கு வீடு கொண்டு சேர்த்தது. சட்ட மேலவை உறுப்பினராகவும் இருந்தார்.

கோவைக்காரரான சாண்டோ சின்னப்பா தேவர் தயாரித்த ‘துணைவன்’ படம் வெளியான ஆண்டு 1969. அதில் பாடியதற்காக, அறுபது வயதைக் கடந்த சுந்தராம்பாளுக்குச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது கிடைத்தது. மேடையில் உரமேறிய அந்தக் குரலுக்கு வயது ஒரு தடையே அல்ல!