இல்லாத உலகின் பஞ்சாங்கம்

கற்பனையுலகம் ஒன்றைப் படைக்கப் புகும் ஆசிரியன் மலையையும் ஆற்றையும் வரைந்துவிடலாம். மன்னர்க்கும் மாயாவிகளுக்கும் பெயர் சூட்டிவிடலாம். ஆயின், அவ்வுலகத்து உழவன் ஒருவன் 'இன்று என்ன நாள்?' என்று வினவினால் அதற்கு விடை கூறுதல் எளிதன்று. நாட்கணக்கு என்பது வானநூலார் வகுக்கும் கணிதமா, ஒரு சமுதாயத்தின் நினைவா என்னும் கேள்வி அங்கே எழுகின்றது. இக்கேள்விக்கு நான் கண்ட சிறந்த விடை, ஒரு நாவலின் பின்னிணைப்பிலே, வாசகர் பலர் புரட்டாது விடுகின்ற சில பக்கங்களில் இருக்கின்றது.

ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்திற் பழைய ஆங்கிலம் கற்பித்த பேராசிரியர் ஜே. ஆர். ஆர். ரொல்கீன் (1892–1973) எழுதிய 'மோதிரங்களின் அதிபதி' என்னும் பெருங்கதை 1954ஆம், 1955ஆம் ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்தது. மூன்றாம் பாகத்தின் இறுதியில், தாம் படைத்த இனங்களின் நாட்காட்டிகளை அவர் விரித்துரைக்கின்றார். அவற்றுள், ஷயர் என்னும் நாட்டில் உழுதும் உண்டும் மகிழ்ந்தும் வாழும் ஹொபிற்றுகள் என்ற சிற்றுருவ மாந்தரின் நாட்காட்டியையே ஈண்டு எடுத்துக்கொள்கின்றேன்.

அதன் அமைப்பு எளிது. மாதங்கள் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் முப்பது நாள். எஞ்சிய ஐந்து நாட்கள் எம்மாதத்தையும் சேராதவை. ஆண்டின் முதல் நாளும் கடைசி நாளும் 'யூல்' எனப்படும் குளிர்கால விழா நாட்கள். மற்றை மூன்றும் நடுக்கோடையில் வருவன. நான்காண்டுக்கு ஒருமுறை, நூற்றாண்டின் இறுதியாண்டு நீங்கலாக, கோடையில் மேலும் ஒரு நாள் சேரும். அது பெருங்கொண்டாட்ட நாள்.

மாதப் பெயர்களை ரொல்கீன் வெறுமையிலிருந்து புனையவில்லை. பீட் என்னும் ஆங்கிலத் துறவி 725ஆம் ஆண்டளவில் காலக்கணக்கு பற்றி எழுதிய இலத்தீன் நூலிலே, தம் முன்னோர் வழங்கிய மாதப் பெயர்களைக் குறித்து வைத்தார். பசுக்களை நாளுக்கு மும்முறை கறந்த மாதம், பலியிட்ட மாதம் என்றவாறு வாழ்க்கையிலிருந்து முளைத்த பெயர்கள் அவை. இங்கிலாந்து அவற்றைக் கைவிட்டு உரோமர் தந்த பெயர்களை ஏற்றது. மறைந்துபோன அப்பெயர்களையே பேராசிரியர் சற்றுத் தேய்த்து, குடியானவர் நாவில் உருண்டு மழுங்கியவை போலாக்கி, ஹொபிற்றுகளுக்கு வழங்கினார். தம் நாடு மறந்ததை இல்லாத நாடொன்றிற் பேணி வைத்தார் எனலாம்.

இனி, கிழமைக் கணக்கைப் பார்ப்போம். முந்நூற்று அறுபத்து நான்கு நாட்கள் சரியாக ஐம்பத்திரண்டு வாரங்களாகும். மிஞ்சும் ஒரு நாளே ஆண்டுதோறும் கிழமையை நகர்த்துகின்றது. ஹொபிற்றுகள் ஒரு காலத்தில் இதைச் சீர்திருத்தினர். கோடை நடுநாளுக்குக் கிழமையே இல்லை என்று விதித்தனர், மிகைநாளுக்கும் அவ்விதியே. அதன்பின் ஒரு தேதி எவ்வாண்டிலும் ஒரே கிழமையில் விழலாயிற்று. கடிதத்திற் கிழமை எழுதும் வழக்கமும் ஒழிந்தது. இக்கணக்கின்படி எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் தொடங்காது. எனவே நடவாத காரியத்தைக் குறிக்க 'முதலாந் தேதி வெள்ளிக்கிழமை' என்பது அந்நாட்டில் வேடிக்கைப் பேச்சாயிற்றாம்! மரம் நடப்பதும் பன்றி பறப்பதும் அன்றைக்குத்தான். கணிதத்திலிருந்து ஒரு மரபுத்தொடர் பிறக்கும் இவ்விடத்திலேதான், வாசகரே, இந்நாட்காட்டி உயிர் பெறுகின்றது.

கிழமையில்லா நாள் நம் மெய்யுலகிலும் முன்மொழியப்பட்டதுண்டு. எலிசபெத் அக்கெலிஸ் அம்மையார் 1930ஆம் ஆண்டு முதல் பரப்பிய 'உலக நாட்காட்டி' அத்தகையது. ஏழு நாட் சுழற்சியை வழிபாட்டின் அடிப்படையாகக் கொண்ட சமயத்தார் அதை எதிர்த்தனர். 1955இல் அமெரிக்க அரசும் ஐக்கிய நாடுகள் சபையிடம் தன் எதிர்ப்பைத் தெரிவித்தது. திட்டம் நிறைவேறவில்லை. பிரெஞ்சுப் புரட்சியாளர் 1793இல் நடைமுறைப்படுத்திய நாட்காட்டியின் கதியும் அதுவே. அங்கும் பன்னிரு மாதம், முப்பது நாள், மிகுதியாக ஐந்து அல்லது ஆறு நாட்கள். மாதப் பெயர்களைச் சூட்டியவர் ஒரு கவிஞர். ஆனால் வாரத்தைப் பத்து நாளாக்கினர். ஓய்வு நாள் அரிதாயிற்று. 1806ஆம் ஆண்டின் முதல் நாளோடு அந்நாட்காட்டி நீக்கப்பட்டது. கணக்குப் பிழைபடாதது, மக்களின் பழக்கமோ அதற்கு இடங்கொடுக்கவில்லை.

ரொல்கீன் இவ்வுண்மையை நன்குணர்ந்தவர் என்பதற்குப் பின்னிணைப்பின் பிற்பகுதி சான்று. தீயோன் சௌரன் வீழ்ந்த மார்ச் 25ஐப் புத்தாண்டு நாளாகக் கொண்டோர் நாட்டு மன்னன் விதிக்கின்றான். ஷயர் மக்களோ தம் பழைய ஆண்டுப் பிறப்பை விடவில்லை. ஆயினும் பிற்காலத்தில் ஏப்ரில் 6ஆம் நாளன்று, வானிலை இடந்தந்தால், திறந்த வெளியிலே கூடி ஆடி மகிழலாயினர். ஏன் அந்நாள்? தோட்டக்காரன் சாமின் பிறந்த நாள் என்றனர் சிலர். பொன்மரம் முதன்முதற் பூத்த நாள் என்றனர் சிலர். எல்வ் என்னும் சாவா இனத்தாரின் புத்தாண்டு என்றனர் வேறு சிலர்.

அரசன் விதித்த நாளுக்குக் காரணம் ஒன்று. மக்கள் கொண்டாடிய நாளுக்குக் காரணம் மூன்று. படைத்த ஆசிரியரே அம்மூன்றில் எது சரியென்று தீர்ப்புக் கூறாது விட்டார். கதை புனையப் புகும் நம் மாணவர் இதனைக் கூர்ந்து நோக்குவாராக. கற்பனையுலகத்துக்கு நாட்காட்டி வகுக்க ஒரு மாலைப் பொழுதும் கொஞ்சம் எண் கணிதமும் போதும். அதிலுள்ள ஒரு நாளைப் பற்றி அயலார் இருவர் வேலியோரத்தில் நின்று வாதாட வேண்டுமாயின், அவ்வுலகத்திலே படைத்தவன் நெடுங்காலம் வாழ்ந்திருக்க வேண்டும்.