மின்சார அபராதமும் 30 நாள் கெடுவும்

ஹைதராபாத்திலும் சிகந்திராபாத்திலும் குடியிருக்கும் நம் ஜனங்களிடம் நான் ஓயாமல் காணும் அசட்டுத்தனம் ஒன்று உண்டு: மின்சார விநியோக ஸ்தாபனத்திலிருந்து அபராதக் காகிதம் வந்தவுடன், அது எந்தச் சட்டப் பிரிவின்கீழ் வந்தது என்றுகூடப் பாராமல், சிலர் நடுநடுங்கிப் பணத்தைக் கட்டிவிடுகிறார்கள், சிலர் அதைக் காலண்டருக்குப் பின்னால் செருகிவிட்டு, லைன்மேனிடம் பேசித் தீர்த்துக்கொள்ளலாம் என்று காத்திருந்து கெடுவைக் கோட்டைவிடுகிறார்கள்.

முதலில் பிரிவு எண்ணைப் பாருங்கள். மீட்டர் கணக்கில் பிழை, தாமதக் கட்டணம், ஸ்தாபனமே தவறாகக் கணக்கிட்டுவிட்டுப் பிறகு கேட்கும் பழைய பாக்கி முதலிய சாதாரணத் தகராறுகளுக்கு ஒரு வழி. 2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 126-ஆவது பிரிவின்கீழ் ‘அனுமதியற்ற உபயோகம்’ என்று விதிக்கப்படும் இருமடங்குத் தொகைக்கு முற்றிலும் வேறு வழி. திருட்டைப் பற்றிய 135-ஆவது பிரிவோ கிரிமினல் விவகாரம். அதற்கு அன்றைக்கே வக்கீலைத் தேடுங்கள்.

சாதாரணத் தகராறானால், பில்லிலுள்ள யு.எஸ்.சி. எண்ணைக் குறித்து, செக்‌ஷன் ஆபீஸில் எழுத்துமூலமாக மனுக் கொடுத்து, பிரதியில் தேதியுடன் ஒப்புகை பெறுங்கள். முத்திரை போடக் குமாஸ்தா தயங்கினால் (தயங்குவார், அது அவர்கள் வித்தை), ஸ்பீட் போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். 1912-க்குப் போன் செய்து புகார் எண் பெறுவதும் நல்லதே. ஆனால் வாய்ப்பேச்சு சாட்சியாகாது. அங்கே நியாயம் கிட்டாவிட்டால் தெலங்கானா தென்மண்டல விநியோக ஸ்தாபனத்தின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்தையும், அதன் உத்தரவும் திருப்தியளிக்காவிடில் லும்பினி பார்க் அருகே துணைமின் நிலையக் கட்டடத்தின் மாடியிலுள்ள வித்யுத் ஆம்புட்ஸ்மனையும் அணுகலாம். இரண்டிலும் வக்கீலின்றி நீங்களே வாதாடலாம்.

இதற்கிடையில் இணைப்பைத் துண்டிப்பதாகப் பயமுறுத்தினால், 56-ஆவது பிரிவை நினைவூட்டுங்கள்: 15 நாட்களுக்குக் குறையாத எழுத்துமூல நோட்டீஸ் அவசியம்; கேட்ட தொகை, அல்லது முந்தைய 6 மாதச் சராசரியின்படி கணக்கிட்ட தொகை, இவற்றில் எது குறைவோ அதை ஆட்சேபணையுடன் கட்டிவிட்டால், தகராறு தீரும்வரை துண்டிக்கலாகாது.

126-ஆவது பிரிவில் முதலில் வருவது தற்காலிக மதிப்பீடு மாத்திரமே. வீட்டு இணைப்பில் கடை நடத்தியதாகச் சொல்லி, காலத்தை நிச்சயிக்க இயலாதபோது சோதனைக்கு முந்தைய 12 மாதங்களுக்கும் சேர்த்துக் கேட்பார்கள். அதற்கு ஆட்சேபணை எழுதவும், விசாரணையில் ஆஜராகி வாடகை ஒப்பந்தம், பழைய பில்கள், புகைப்படங்கள் ஆகியவற்றைக் காட்டவும் உங்களுக்குப் பூரண உரிமை உண்டு. தற்காலிக உத்தரவு கைக்கு வந்த 30 நாட்களுக்குள் இறுதி உத்தரவு பிறந்தாக வேண்டும். ‘சம்மதம்’ என்று கையெழுத்திட மட்டும் அவசரப்படாதீர்கள், ஏனெனில் சம்மதத்தின்பேரில் பிறந்த இறுதி உத்தரவுக்கு அப்பீலே கிடையாது.

இறுதி உத்தரவை எதிர்க்க 127-ஆவது பிரிவின்படி 30 நாட்களுக்குள் மேல்முறையீட்டு அதிகாரியிடம் போக வேண்டும்; மதிப்பிட்ட தொகையில் பாதியைக் கட்டிய ரசீதை மனுவுடன் இணைக்க வேண்டும். சும்மா இருந்துவிட்டாலோ, கட்டாத தொகைக்கு வருஷத்துக்கு 16 சதவீத வட்டி, ஆறு மாதத்துக்கொரு முறை வட்டிக்கு வட்டியாக ஏறும்.

இவ்வளவு சொன்ன பிறகும் நுகர்வோர் கோர்ட்டுக்கு ஓடுகிறவர்கள் இருக்கிறார்கள். 126-இன் மதிப்பீட்டை எதிர்க்கும் புகார் அங்கே செல்லாது என்று அனீஸ் அகமது வழக்கில் 2013-லேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. சிவில் கோர்ட்டின் கதவையும் 145-ஆவது பிரிவு சாத்திவிட்டது. தவறான வாசலில் நிற்கும் நாட்களும் அந்த 30-இலேயே கழியும். ஆகையால் மறுபடியும் சொல்கிறேன்: உத்தரவு கைக்கு வந்த தேதியை அதன் மேலேயே எழுதி வையுங்கள், பதிலை எழுத்தில் கொடுங்கள், ஒப்புகை இல்லாமல் எந்த ஆபீஸை விட்டும் வெளியே வராதீர்கள்.