கக்கலா, வாந்தியா?

‘கக்கின பிள்ளை தக்கும்’ என்று பாட்டிமார்கள் சொல்வார்கள். பொய்யில்லை. ஆனால் அவர்கள் சொன்னது கக்கலை, வாந்தியை அல்ல. கக்கலுக்கே பயந்து நடுங்கும் இளம் தாய்மாரும் உண்டு. வாந்தியைக்கூட ‘கக்கல்தானே’ என்று விட்டுவிடுகிற வீடுகளும் உண்டு.

பால் குடித்ததும் ஏப்பத்தோடு கடைவாயில் வழிகிறதே, அதுதான் கக்கல். இரைப்பையின் மேல்வாயை மூடும் தசை பிறந்த குழந்தைக்கு இறுகியிருக்காது. அதனால் படுக்கப் போட்டதும் பால் மேலே வந்துவிடும். பெரும்பாலும் ஒரு வயதுக்குள் தானாக நின்றுவிடும். கக்கிவிட்டுச் சிரிக்கிறதா, எடை ஏறுகிறதா, சிறுநீர் நன்றாகப் போகிறதா? அப்படியானால் மருந்தே வேண்டாம். பால் கொடுத்தபின் சற்று நேரம் தோளில் நிமிர்த்திப் போட்டுக்கொண்டால் போதும். கக்குகிறதே என்று குப்புறப் போட்டுத் தூங்க வைக்காதீர்கள், மல்லாந்துதான் தூங்கணும்.

வாந்தி வேறு. வயிறு இழுத்துப் பிடித்து, வேகத்தோடு வரும். அப்போது முதலில் நிறத்தைப் பாருங்கள். கைக்குழந்தை பச்சையாக எடுத்தால், ‘பித்தம்’ என்று சமாதானம் சொல்லிக்கொண்டிருக்க நேரமில்லை. குடல் அடைபட்டோ முறுக்கிக்கொண்டோ இருக்கலாம். சில மணி நேரத்தில் குடலே கெட்டுப்போகும். உடனே பெரிய ஆஸ்பத்திரிக்கு ஓடணும்.

எங்கள் தெருவில் ஏழு மாதக் குழந்தை ஒன்று விட்டுவிட்டு வீல் வீலென்று அழுதது. காலை வயிற்றோடு மடக்கிக்கொள்ளும், சற்று அடங்கும், மறுபடி அழும். நடுநடுவே வாந்தி. ‘தொக்கம் விழுந்திருக்கு’ என்று ஊதி எடுக்கிறவரிடம் தூக்கிப் போனார்கள். அவரும் ஏதோ எடுத்துக் காட்டினார். மறுநாள் காலை மலத்தில் ரத்தமும் சளியும்! குடலுக்குள் குடல் செருகிக்கொண்டிருந்தது. முதல் நாளே வந்திருந்தால் ஆசனவாய் வழியாகக் காற்றோ நீரோ செலுத்தியே பிரித்திருக்கலாம் என்றாராம் டாக்டர். வயிற்றைத் திறந்து, கெட்ட பகுதியை வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. குழந்தை பிழைத்தது. ஆனாலும் வீணாய்ப் போன அந்த ஒரு ராத்திரியை நினைத்தால் மனசு ஆறவில்லை.

பிறந்து சில வாரங்களில், குடித்த பால் பீய்ச்சியடித்தாற்போல் எட்டப் போய் விழுந்து, உடனே மறுபடி பசித்து அழுதால் அதையும் காட்டிவிடுங்கள். இரைப்பையின் கீழ்வாய்த் தசை தடித்திருக்கலாம். ஆண் குழந்தைகளுக்கு அதிகம். ஆபரேஷனில் குணமாகிவிடும்.

அடிக்கடி நாம் பார்ப்பது பேதியோடு வரும் வாந்திதான். இதில் பயப்பட வேண்டியது உடம்பின் நீர் வற்றுவதற்கு. 1971-ல் வங்கதேச அகதி முகாமில் காலரா பரவி, ஏற்றுவதற்கு சலைன் தீர்ந்தபோது, டாக்டர் திலீப் மஹலநாபிஸ் உப்பும் குளுகோஸும் சோடா உப்பும் கலந்த நீரைக் குடிக்கக் கொடுத்தே ஏராளமான உயிர்களைக் காத்தார். அதன் வழிவந்ததுதான் இன்றைய ஓ.ஆர்.எஸ். பொட்டலம். எவ்வளவு தண்ணீர் என்று பொட்டலத்திலேயே போட்டிருக்கும். பெரியதற்கு 1 லிட்டர். பாதியைக் கொட்டி ஒரு டம்ளரில் குத்துமதிப்பாகக் கலக்கக் கூடாது. கலக்கியதை 24 மணி நேரத்துக்கு மேல் வைக்காதீர்கள். டம்ளரோடு புகட்டினால் வெளியே வந்துவிடும். ஒன்றிரண்டு நிமிஷத்துக்கு ஒரு ஸ்பூன் கொடுங்கள். வாந்தி எடுத்தால் பத்து நிமிஷம் பொறுத்து மறுபடி மெதுவாக ஆரம்பியுங்கள்.

‘வயிறு காயட்டும், ஒண்ணும் குடுக்காதே’ என்று மாமியார் சொன்னாலும் தாய்ப்பாலை நிறுத்தாதீர்கள். டாக்டர் துத்தநாக மாத்திரை 14 நாள் எழுதியிருந்தால், பேதி நின்றதும் பரணில் போட்டுவிடாமல் முழுக்கக் கொடுங்கள்.

கண் குழிவிழுந்து, அழுதால் கண்ணீர் வராமல், ஆறு மணி நேரமாகச் சிறுநீர் போகாமல், எழுப்பினாலும் துவண்டு விழுந்தால் ஸ்பூனை வைத்துவிட்டு 108-ஐக் கூப்பிடுங்கள். வாந்தி பட்ட துணியை அலசிவிடாமல் ஒரு பையில் போட்டுக் கையோடு எடுத்துப் போங்கள். நிறத்தை நாம் சொல்வதைவிட டாக்டர் கண்ணால் பார்ப்பது நல்லது.