காமிரா யார் கையில்?

ஒரு ஜன சமூகத்தின் புராதன வழக்கங்கள் அழியுமுன் அவற்றைச் சலனப்படமாக எடுத்துப் பெட்டியில் வைத்துவிட்டால் அவை காப்பாற்றப்பட்டதாகவே பலர் எண்ணுகின்றனர். எடுத்தவர் யார், எவருக்காக எடுத்தார் என்று விசாரிப்பவர் சிலரே. கானடாவின் வடபாகத்தில் வாழும் இனுயிட் ஜனங்களின் விஷயத்தை நேயர்கள் சற்றுக் கவனிக்க வேண்டுகிறோம்.

ராபர்ட் பிளாஹர்ட்டி என்ற அமெரிக்கர், ரோமத்தோல் வியாபாரம் செய்த பிரெஞ்சுக் கம்பெனி ஒன்றின் பொருளுதவியுடன் இனுக்ஜுவாக் என்னும் ஊரில் எடுத்து, 1922-ல் வெளியிட்ட படம் 'நானூக் ஆப் தி நார்த்'. டாக்குமெண்டரி படங்களுக்கு இதுவே மூதாதை என்பர். கதாநாயகனின் உண்மைப் பெயர் நானூக் அன்று, அல்லாகரியல்லாக். அவ்வூர் வேடர்கள் அப்போதே துப்பாக்கி பிடித்தவர்கள். படத்திலோ எறியீட்டியால் வேட்டையாடுகிறார்கள். பனிக்கட்டி வீட்டினுள் வெளிச்சம் போதாமையால், ஒரு பக்கம் திறந்த வீடொன்றைக் கட்டுவித்து அதில் குடும்பத்தாரை உறங்கச் செய்தனர். படத்தின் அழகை நாம் மறுக்கவில்லை. ஆயினும் நீதிஸ்தலத்தில் இதற்குச் சொல்லிக்கொடுத்த சாட்சி என்று பெயர்.

அதே இனுக்ஜுவாக்கிலிருந்து 1953-லும் 1955-லும் சில குடும்பங்களைக் கானடா சர்க்கார் சுமார் 2,000 கிலோமீட்டர் வடக்கே கொண்டுபோய் இறக்கிற்று. வேட்டையை நம்பிய பழைய வாழ்க்கைக்கு அவர்கள் திரும்பட்டும் என்பது அதிகாரிகள் கூறிய காரணங்களில் ஒன்று. துப்பாக்கியை மறைத்து ஈட்டியைக் காட்டிய மனோபாவத்திற்கு இது வெகு தூரமில்லை. அனுப்பப்பட்டவர்களுள் பிளாஹர்ட்டிக்கு இனுயிட் பெண்ணிடம் பிறந்த குமாரரும் ஒருவர்! சர்க்கார் மன்னிப்புக் கேட்டது 2010-ல்.

இக்லூலிக் என்ற மற்றொரு ஊரார், தங்கள் பாஷையில் நிகழ்ச்சிகள் இல்லாத டெலிவிஷன் தங்களுக்கு வேண்டாமென்று 1975-லும் 1979-லும் வோட்டளித்து மறுத்தனர். நாகரிக நகரம் எதுவும் இத்தகைய தீர்மானம் செய்ததாக நாம் கேட்டதில்லை. அவ்வூர்ச் சிற்பியான ஸகரயாஸ் குனுக், 1981-ல் தம் சிற்பங்களை மாண்ட்ரியாலில் விற்று ஒரு வீடியோ காமிரா வாங்கினார். 1990-ல் நண்பர்களுடன் இஸுமா என்ற கம்பெனியை ஸ்தாபித்தார். இஸுமா என்றால் சிந்தனை. 1940-களின் வாழ்க்கையைக் காட்டும் 'நுனாவுட்' என்ற 13 பகுதிகளை அவர்கள் எடுத்தார்கள். பின்னர் 2001-ல் அவர்களுடைய கதைப்படம் ஒன்று கான் விழாவில் பரிசு பெற்றது தனி விஷயம்.

"இதுவும் நடிப்புத்தானே?" என்று எதிர்க்கட்சி வக்கீல் குறுக்கிடலாம். ஆம், நடிப்பே. ஆனால் இங்கே முதியோர் தம் நினைவிலிருந்து சொல்ல, அவர்கள் மக்களும் பேரர்களும் கல்வீடு கட்டினர், நாய்வண்டி பூட்டினர், தோலுடை தைத்தனர். தவறினால் திருத்துவதற்கு ஊராரே பக்கத்தில் இருந்தனர். படச்சுருள் கெட்டாலும் கை கற்ற தொழில் ஊரில் நிற்கும். முந்தைய படம் அந்நியருக்குக் காட்டுவதற்காக எடுத்தது. இது தம் பிள்ளைகளுக்காக எடுத்தது.

குனுக் 2019-ல் வெளியிட்ட ஒரு படம் 1961-ம் வருஷத்துச் சம்பவத்தைக் காட்டுகிறது. வேட்டைக்குப் புறப்பட்ட நோவா பியுகட்டுக் என்ற பெரியவரைப் பனிவெளியில் சந்தித்த சர்க்கார் அதிகாரி, குடும்பத்துடன் சர்க்கார் குடியிருப்புக்கு வந்துவிட வேண்டுமென்கிறார். இடையில் ஒரு துபாஷி. அதிகாரியின் கண்டிப்பையும் பெரியவரின் மறுப்பையும் அவர் பாதி விழுங்கி, பாதி மென்று சொல்கிறார். இரு பாஷைகளிலும் பேசப்பட்டது இன்னதென்று திரையின் அடியிலுள்ள எழுத்தால் நமக்குத் தெரிகிறது. பனியில் நிற்கும் அவ்விருவருக்கும் தெரிவதில்லை.