ஸ்டார்போர்டா, போர்ட்டா?

திசையைச் சொல்லும் இரண்டு சொற்களை நம்பித்தான் கப்பல்களும் விமானங்களும் மோதாமல் விலகுகின்றன

1912 ஏப்ரல் 14 இரவு. வட அட்லாண்டிக் கடலில் டைட்டானிக்குக்கு எதிரே பனிப்பாறை. 'ஹார்ட் எ-ஸ்டார்போர்ட்' என்று உத்தரவிட்டார் முதல் அதிகாரி வில்லியம் மர்டாக். ஸ்டார்போர்ட் என்றால் வலப்பக்கம். கப்பல் திரும்பியதோ இடப்பக்கம்.

உத்தரவை யாரும் மீறவில்லை. சுக்கானின் கைப்பிடியை வலப்புறம் தள்ளினால் கப்பல் இடப்புறம் திரும்பும். கைப்பிடி போய் சக்கரம் வந்த பிறகும் உத்தரவுகள் பழைய கணக்கிலேயே நீடித்தன. 1930களில்தான் இந்தக் குழப்பம் தீர்ந்தது. இன்று ஸ்டார்போர்ட் என்றால் கப்பல் வலப்புறம்தான் திரும்பும்.

வலது, இடது என்றே சொன்னால் என்ன? கப்பலில் முன்னோக்கி நிற்பவரின் வலது, பின்னோக்கி நிற்பவருக்கு இடது. ஸ்டார்போர்டுக்கு அந்தச் சிக்கல் இல்லை. யார் எப்படி நின்றாலும், கப்பலின் முன்முனையைப் பார்த்தபடி அதன் வலப்பக்கமே ஸ்டார்போர்ட்.

பழைய கப்பல்களில் சுக்கான் துடுப்பு வலப்புறம் இருந்தது. 'சுக்கான் பக்கம்' என்ற பொருள் கொண்ட பழைய ஆங்கிலச் சொல்லே ஸ்டார்போர்ட் ஆனது. இடப்பக்கத்துக்கு அப்போது 'லார்போர்ட்' என்று பெயர். காற்றின் இரைச்சலில் இரண்டும் ஒன்றாகவே காதில் விழுந்தன. 1844ல் பிரிட்டிஷ் கடற்படை லார்போர்டைக் கைவிட்டு 'போர்ட்' என்ற சொல்லை ஏற்றது.

இரவில் இந்தச் சொற்களின் வேலையை விளக்குகள் செய்கின்றன: போர்ட் பக்கம் சிவப்பு, ஸ்டார்போர்ட் பக்கம் பச்சை. நேருக்கு நேர் வரும் இரு இயந்திரக் கப்பல்களும் ஸ்டார்போர்ட் பக்கம் விலக வேண்டும். குறுக்கே வரும் கப்பல் உங்கள் ஸ்டார்போர்ட் பக்கம் இருந்தால் வழிவிட வேண்டியவர் நீங்கள். அப்போது உங்கள் கண்ணில் படுவது அதன் சிவப்பு விளக்கு.

விமானங்களும் இதே வழக்கத்தை எடுத்துக்கொண்டன. இடது இறக்கையில் சிவப்பு, வலது இறக்கையில் பச்சை. என்ஜின்களுக்கும் இடமிருந்துதான் எண்.

பக்கம் தவறினால் விலை என்ன என்பதை 1989 ஜனவரி 8 காட்டியது. இங்கிலாந்தின் கெக்வொர்த் அருகே பறந்த போயிங் 737 விமானத்தில் பழுதானது இடது என்ஜின். விமானிகள் நிறுத்தியதோ வலது என்ஜினை. வலது என்ஜினில்தான் கோளாறு என்று கேப்டன் ஒலிபெருக்கியில் அறிவித்தார். இடது என்ஜினில் தீயைப் பார்த்த பயணிகள் பலர் அதைக் கேட்டார்கள். ஒருவரும் விமானி அறைக்குச் சொல்லவில்லை. 126 பேரில் 47 பேர் இறந்தார்கள்.