கிடைமாடும் அதனை மேய்ப்போரும்

கால்நடையால் வரும் புகழில் மேய்ப்போருக்குரிய பங்கு பெரும்பாலும் மறக்கப்படுகின்றது. அமெரிக்காவில் 1865-ஆம் ஆண்டு உள்நாட்டுப் போர் முடிந்தபின், டெக்ஸாஸிலிருந்து கான்ஸாஸ் ரயில் நிலையங்களுக்கு மந்தை ஓட்டிச் சென்றோரில் ஏறத்தாழ நால்வரில் ஒருவர் கறுப்பினத்தவர் எனச் சரித்திர ஆசிரியர்கள் மதிப்பிடுகின்றனர். அவர்களுட் பலர் அடிமைகளாயிருந்த காலத்திலேயே இத்தொழிலைக் கற்றவர்கள். எனினும் கதைகளிலும் சினிமாப் படங்களிலும் அவர்களுக்கு நெடுங்காலம் இடம் அரிதாகவே இருந்தது.

நம் பக்கத்துப் புலிக்குளம் மாட்டின் நிலையும் இதனை ஒத்ததே. கர்னாலிலுள்ள தேசிய விலங்கு மரபுவளப் பணியகம் தனி இனமாகப் பதிவு செய்துள்ள இம்மாட்டின் காளையை ஜல்லிக்கட்டினால் யாவரும் அறிவர். மதுரை, சிவகங்கைச் சீமைகளில் அதனைக் கொட்டிலிற் கட்டாது, மந்தையாக ஊர்விட்டு ஊர் ஓட்டிக் காத்துவரும் கிடைக்காரரை அறிந்தோர் சிலரே. இவ்வினப் பசுக்களின் பால் சொற்பம். கிடைக்கூலியும் கன்று விற்ற பணமுமே மேய்ப்போரின் முக்கிய வரும்படி.

கிடையின் நன்மை நாஞ்சில் நாட்டு வயல்களுக்கும் உரியது. கும்பப்பூ அறுவடைக்கும் கன்னிப்பூ விதைப்புக்கும் இடையே, வயல் வெறுமையாயிருக்குங்கால் ஆடாயினும் மாடாயினும் கிடை அமர்த்துதல் நலம். சாணமும் மூத்திரமும் வயலிலேயே விழுவதால் எருவுக்கு வண்டிக்கூலி இல்லை. தழைச்சத்து ஆவியாய்ப் போகாதிருக்க, கிடை பெயர்ந்தவுடன் மேலாக உழுதுவிடல் வேண்டும்.

மேய்ச்சல் நிலம் குறையின் கிடை நில்லாது. கிடை நில்லாவிடின் இனமும் நில்லாது. ஆகையால் மேய்ச்சற் புறம்போக்கையும் மந்தைப் பாதைகளையும் ஆக்கிரமிப்பின்றிக் காப்பது கிராம உத்தியோகஸ்தர்களின் பொறுப்பு. பேசிய கூலியை, நெல்லாயினும் பணமாயினும், கிடை பெயருமுன் குறையின்றி அளிப்பது நிலவுடையோரின் கடமை.